கமிஷனர் நாற்காலி யாருக்குக் கட்டுப்பட்டது?

2024 ஜூலை 5ஆம் தேதி மாலை, சென்னை பெரம்பூரில் பகுஜன் சமாஜ் கட்சியின் மாநிலத் தலைவர் கே.ஆம்ஸ்ட்ராங் வெட்டிக் கொல்லப்பட்டார். ஜூலை 8ஆம் தேதி மாநகரக் காவல் ஆணையர் சந்தீப் ராய் ரத்தோர் மாற்றப்பட்டு, அந்த இடத்துக்கு ஏ.அருண் வந்தார். ஆணையருக்கு அந்தக் கொலையைத் தடுக்கும் வாய்ப்பு இருந்ததா, உளவுத் தகவல் ஏதும் வந்திருந்ததா, வந்திருந்தால் யார் மேசையில் அது தேங்கியது என்பதற்கெல்லாம் மாறுதல் ஆணையில் விடை தேடக் கூடாது. அதிகாரியின் பெயர், இருக்கும் பதவி, போக வேண்டிய பதவி. உள்துறையின் மாறுதல் ஆணை என்றால் பொதுவாக அவ்வளவுதான். ஆனாலும் ஊர் முழுக்க அதை ஒரு தீர்ப்பாகத்தான் படித்தது.

பெருநகரக் காவல் தலைவரிடம் நம் நாடு கணக்குக் கேட்கும் முறை ஏறக்குறைய இதுதான். பெரிய சம்பவம் நடந்தால் ஆளை மாற்றுவார்கள். எதுவும் நடக்காவிட்டால் ஆட்சி மாறும்போது மாற்றுவார்கள். கடிவாளம் இது ஒன்றுதான் என்றால், அது எதைப் பிடித்து நிறுத்துகிறது, எதை ஓட விடுகிறது என்று பார்க்க வேண்டியிருக்கிறது. அதற்கு முதலில் அந்த நாற்காலியில் என்னென்ன அதிகாரம் குவிந்திருக்கிறது என்பது தெரிய வேண்டும். வேப்பேரி கமிஷனர் அலுவலகத்தில் மனு கொடுக்க வரிசையில் நிற்பவர்களில் பலருக்கே அது முழுதாகத் தெரியாது.

மாவட்டத்தில் காவல் கண்காணிப்பாளருக்கு மேலே இன்னொரு கண் இருக்கிறது. தடையுத்தரவு போடுவதும், துப்பாக்கி உரிமம் கொடுப்பதும், நன்னடத்தைப் பிணை வாங்குவதும் வருவாய்த் துறை வழியாக, மாவட்ட ஆட்சியர், கோட்டாட்சியர், வட்டாட்சியர் கைகளில் இருக்கின்றன. எஸ்.பி. கேட்கலாம்; கொடுப்பது இன்னொருவர். அந்த ஆட்சியர் தினமும் மறுத்துக்கொண்டிருக்கிறாரா என்றால் இல்லை. பெரும்பாலும் கேட்டதைக் கொடுத்துவிடுவார். ஆனாலும் கோப்பு ஒரு துறையிலிருந்து இன்னொரு துறைக்குப் போய் வர வேண்டும் என்ற கட்டாயமே ஒரு தடுப்பு. ஆணையரக முறையில் அந்தத் தடுப்பு கிடையாது. பழைய குற்றவியல் நடைமுறைச் சட்டத்தின் 20ஆவது பிரிவும், 2024 ஜூலை முதல் அதன் இடத்துக்கு வந்த பாரதிய நாகரிக் சுரக்ஷா சன்ஹிதாவும், நிர்வாக நடுவரின் அதிகாரங்களைக் காவல் ஆணையருக்கே மாநில அரசு கொடுக்க வழிவிடுகின்றன. கேட்பவரும் அவரே, கொடுப்பவரும் அவரே.

இதன் கூர்மை தெரிவது குண்டர் சட்டத்தில். 1982ஆம் ஆண்டின் 14ஆவது தமிழ்நாடு சட்டம் கள்ளச்சாராயக்காரர்களையும் ரவுடிகளையும் மனதில் வைத்து வந்தது. பிறகு மணல் கடத்தல், இணையக் குற்றம், வீடியோ திருட்டு என்று பட்டியல் நீண்டது. குற்றம் நிரூபிக்கப்படாமலேயே ஓராண்டு வரை ஒருவரை அடைத்து வைக்க இதில் இடமுண்டு. மாவட்டத்தில் எஸ்.பி. பரிந்துரைப்பார், கலெக்டர் கையெழுத்திடுவார். சென்னையில் ஆணையருக்குக் கீழே இருக்கும் இன்ஸ்பெக்டர் ஆவணங்களைத் தயாரிப்பார், ஆணையர் கையெழுத்திடுவார். 12 நாளுக்குள் அரசின் ஒப்புதல் வேண்டும், அறிவுரைக் கழகம் பார்க்க வேண்டும், உயர் நீதிமன்றத்தில் ஆட்கொணர்வு மனு போடலாம் என்ற பாதுகாப்புகள் சட்டத்தில் இல்லாமல் இல்லை. ஆணை உயர் நீதிமன்றத்தில் ரத்தாவதும் வாடிக்கைதான். மனு மீது முடிவெடுப்பதில் தாமதம், கொடுத்த நகல் படிக்க முடியாதபடி மங்கியிருப்பது, தெரிந்த மொழியில் ஆவணம் தராதது என்று காரணங்கள் திரும்பத் திரும்ப அவையேதான் வரும். ரத்தாகும் நேரத்தில் அந்த ஆள் பல மாதம் புழல் சிறையில் இருந்திருப்பார். தப்பான ஆணைக்காக எந்த ஆணையருடைய பணிப் பதிவேட்டிலும் ஒரு வரி ஏறாது. சட்டத்தின் நோக்கம் எதுவானாலும், நடைமுறையில் அந்தச் சில மாதங்கள்தான் தண்டனை என்பது காவல்துறைக்கும் தெரியும், வக்கீல்களுக்கும் தெரியும்.

அடுத்தது 41ஆவது பிரிவு. 1888ஆம் ஆண்டின் சென்னை நகரக் காவல் சட்டத்தில் இருக்கிறது. கூட்டம், ஊர்வலம் ஆகியவற்றைத் தடுத்து ஆணையர் உத்தரவு போடலாம். அரசின் அனுமதி இல்லாமல் அது 15 நாளுக்கு மேல் நீடிக்கக் கூடாது. 15 நாள் என்ற வரம்பை வைத்தவர்கள் வெள்ளைக்காரர்கள். அந்த வரம்பு முடிந்ததும் அடுத்த 15 நாளுக்குப் புதிய உத்தரவு போட்டுக்கொண்டே போகும் வழக்கம் நாம் வளர்த்தது. வள்ளுவர் கோட்டம் பக்கம் மேடை போட்டுப் பேச நினைக்கும் எந்த அமைப்பையும் கேட்டுப் பாருங்கள். கமிஷனர் அலுவலக அனுமதி என்பது எவ்வளவு பெரிய சொல் என்று சொல்வார்கள்.

இந்த அதிகாரக் குவிப்பை நீதிமன்றம் ஒரு முறை நேராகவே தொட்டது. பழைய நடைமுறைச் சட்டத்தின் 107 முதல் 110 வரையான பிரிவுகளில் நன்னடத்தைப் பிணை வாங்கும் அதிகாரத்தை 2013, 2014ஆம் ஆண்டுகளின் இரண்டு அரசாணைகள் மூலம் துணை ஆணையர்களுக்குத் தமிழ்நாடு அரசு கொடுத்திருந்தது. பிணையை மீறினால் உள்ளே தள்ளும் வேலையும் அவர்களிடமே போனது. 2023 மார்ச்சில் சென்னை உயர் நீதிமன்றத்தின் நீதிபதிகள் என்.ஆனந்த் வெங்கடேஷும் சுந்தர் மோகனும் அந்த அரசாணைகளை ரத்து செய்தார்கள். பிடிப்பவரே குற்றம் சாட்டுபவராகவும் நீதி சொல்பவராகவும் இருப்பது அரசியல் சட்டம் வகுத்த அதிகாரப் பிரிவினைக்கு ஒத்து வராது என்பதுதான் அதன் சாரம். துணை ஆணையருக்குச் சொன்ன அந்த வாதத்தை ஆணையருக்கும் நீட்டிப் பார்த்தால் எங்கே போய் முடியும்? அந்தக் கேள்வியைப் பொதுவெளியில் பெரிதாக யாரும் எடுத்துப் பேசவில்லை.

இந்த முறையின் வேர் 1856இல் இருக்கிறது. கல்கத்தா, சென்னை, பம்பாய் ஆகிய மூன்று மாகாணத் தலைநகரங்களுக்கும் அந்த ஆண்டு 13ஆவது சட்டம் ஆணையர் பதவியைக் கொடுத்தது. வணிகமும் துறைமுகமும் கோட்டையும் இருந்த ஊரில் எதற்கும் இன்னொருவரைக் கேட்காமல் உடனே முடிவெடுக்கும் ஒரு வெள்ளை அதிகாரி வேண்டும் என்பது அன்றைய தேவை. லண்டன் மாநகரக் காவல்படை 1829இல் வந்தபோது ராபர்ட் பீல் அங்கே வைத்த அடிப்படை வேறு: குடிமக்களின் சம்மதம். அங்கிருந்து பதவியின் பெயர் கப்பலேறி வந்தது, சம்மதம் வரவில்லை. 1990களில் மதுரை, கோவை, திருச்சி, சேலம், நெல்லை ஆகிய ஊர்களுக்கும் இதே ஆணையரகம் போனது. 2022 ஜனவரியில் தாம்பரமும் ஆவடியும் தனி ஆணையரகங்கள் ஆயின. 2011இல் புறநகரைச் சென்னையோடு சேர்த்ததும், பத்தாண்டு கழித்துப் பிரித்ததும் அந்தந்த ஆட்சியின் முடிவுகள். எல்லைகளை எத்தனையோ முறை வரைந்தவர்கள், உள்ளே இருக்கும் அதிகாரத்தின் அளவை ஒரு முறையும் அளந்து பார்க்கவில்லை.

இவ்வளவு அதிகாரம் உள்ள பதவிக்கு ஆளை எப்படித் தேர்ந்தெடுக்கிறோம்? மாநில டி.ஜி.பி.யைத் தேர்ந்தெடுக்கவாவது ஒரு வழிமுறை உண்டு. 2006 செப்டம்பர் 22ஆம் தேதி பிரகாஷ் சிங் வழக்கில் உச்ச நீதிமன்றம் அதை வகுத்தது. யு.பி.எஸ்.சி. மூன்று பேர் பட்டியல் தரும், அதில் ஒருவரை அரசு எடுத்துக்கொள்ளலாம், குறைந்தது இரண்டு ஆண்டு பதவிக்காலம். அந்த வழிமுறையையும் பொறுப்பு டி.ஜி.பி. என்ற பெயரில் மாநிலங்கள் சுற்றிப் போகின்றன. தமிழகத்திலேயே 2025 ஆகஸ்ட் கடைசியில் பொறுப்பு டி.ஜி.பி.தான் நியமிக்கப்பட்டார். ஆணையருக்கோ சுற்றிப் போக ஒரு வழிமுறைகூட இல்லை. பட்டியல் இல்லை, தேர்வுக் குழு இல்லை, நேர்காணல் இல்லை. வழக்கமாகக் கூடுதல் டி.ஜி.பி. அந்தஸ்தில் இருக்கும் ஒருவரை முதலமைச்சர் நினைத்தால் போடலாம். களப் பதவிகளுக்கு இரண்டு ஆண்டு என்று அதே தீர்ப்பு சொன்னபோது மண்டல ஐ.ஜி., சரக டி.ஐ.ஜி., மாவட்ட எஸ்.பி., காவல் நிலைய அதிகாரி என்று எடுத்துக்காட்டியது. மாநகர ஆணையர் பெயர் சொல்லப்படவில்லை. 2014இல் திருத்தப்பட்ட ஐ.பி.எஸ். பணிநிலை விதிகள் இரண்டு ஆண்டு என்ற வரம்பையும், அதற்கு முன் மாற்றினால் குடிமைப் பணி வாரியம் காரணத்தைப் பதிவு செய்ய வேண்டும் என்ற நிபந்தனையையும் பொதுவாக வைத்தன. பதிவான காரணம் கோப்புக்குள் இருக்கும். ஊர் அதைப் படிக்க முடியாது.

நிலையான பதவிக்காலம் கிடைத்தால் என்ன ஆகும் என்பதற்கும் சென்னையிலேயே உதாரணம் உண்டு. ஏ.கே.விஸ்வநாதன் 2017 மே முதல் 2020 ஜூலை வரை மூன்று ஆண்டு இருந்தார். ‘மூன்றாவது கண்’ என்று தெருத்தெருவாகக் கண்காணிப்புக் கேமரா வைத்தது அந்தக் காலத்தில்தான். அவ்வளவு கேமராவின் பார்வை குடிமக்களின் அந்தரங்கத்துக்குள் எவ்வளவு தூரம் நுழையலாம் என்பது தனி விவாதம். வேலை நடந்ததற்குக் காரணம், வந்தவர் முடிக்கும் வரை இருந்தார் என்பது.

எதிர்ப்பக்க உதாரணமும் பக்கத்திலேயே கிடக்கிறது. 2001 ஜூன் 30ஆம் தேதி அதிகாலையில் மு.கருணாநிதியை வீடு புகுந்து கைது செய்தபோது சென்னை ஆணையர் கே.முத்துக்கருப்பன். அவரையும், இணை ஆணையர் எஸ்.ஜார்ஜையும், துணை ஆணையர் கிறிஸ்டோபர் நெல்சனையும் மத்தியப் பணிக்கு அனுப்பச் சொல்லி வாஜ்பாய் அரசு கேட்டது. ஜெயலலிதா அரசு மறுத்தது. பின்னாளில் அதே எஸ்.ஜார்ஜ் ஒன்றுக்கு மேற்பட்ட முறை சென்னை ஆணையரானார். 2017 மார்ச்சில் ஆர்.கே.நகர் இடைத்தேர்தலுக்காகத் தேர்தல் ஆணையம் அவரை மாற்றிவிட்டு கரன் சின்ஹாவைக் கொண்டுவந்தது. குட்கா விற்பனைக்கு லஞ்சம் வாங்கியதாக எழுந்த வழக்கில் 2018 செப்டம்பரில் ஜார்ஜ் வீட்டிலும், முன்னர் இதே நாற்காலியில் இருந்து அப்போது டி.ஜி.பி.யாக இருந்த டி.கே.ராஜேந்திரன் வீட்டிலும் சி.பி.ஐ. சோதனை நடத்தியது. இருவரும் குற்றச்சாட்டை மறுத்தவர்கள். வழக்கின் முடிவை நீதிமன்றம்தான் சொல்ல வேண்டும். நான் கவனிக்கச் சொல்வது வேறு. இந்த வரிசையில் ஆணையரைக் கேள்வி கேட்க வந்தவர்கள் யார்? மத்திய அரசு, தேர்தல் ஆணையம், சி.பி.ஐ. எல்லாம் வெளியிலிருந்து வந்த கைகள். தமிழகத்துக்குள், சட்டத்தின் வழியில், அந்தந்த நேரத்தில் கேட்க ஓர் அமைப்பு இருந்ததாகத் தெரியவில்லை. தேர்தல் நேரத்தில் மட்டும் ஆணையரை நடுநிலையானவராக மாற்ற முடிகிறது என்றால், மற்ற நாட்களில் அவர் எப்படிப்பட்டவர் என்று அரசே ஒப்புக்கொள்வதாகத்தானே ஆகும்?

ஆம்ஸ்ட்ராங் கொலைக்குப் பின் வந்த அருண், ரவுடிகளுக்குப் புரியும் மொழியில் பதில் சொல்லப்படும் என்றார். அடுத்த மூன்று மாதத்துக்குள் சென்னைக் காவல்துறையின் துப்பாக்கிச் சூட்டில் மூன்று பேர் இறந்தார்கள். கைதட்டியவர்கள் பலர், மாநில மனித உரிமை ஆணையம் விளக்கம் கேட்டது. அதே ஆண்டு டிசம்பரில் அண்ணா பல்கலைக்கழக மாணவிக்கு நேர்ந்த பாலியல் வன்கொடுமையில், முதல் தகவல் அறிக்கை வெளியே கசிந்தது. உயர் நீதிமன்றம் பெண் ஐ.பி.எஸ். அதிகாரிகள் கொண்ட சிறப்புப் புலனாய்வுக் குழுவை அமைத்தது. மாணவிக்கு 25 லட்சம் ரூபாய் இடைக்கால இழப்பீடு தரச் சொன்னது. ஆணையர் பத்திரிகையாளர் சந்திப்பு நடத்தியதையும் கேள்விக்கு உள்ளாக்கியது. ஆணையர் மீதான நடவடிக்கை பற்றிய பகுதியை 2025 ஜனவரியில் உச்ச நீதிமன்றம் நிறுத்திவைத்தது. சரி தவறு ஒருபுறம் இருக்கட்டும். ஒரு முதல் தகவல் அறிக்கை ஏன் கசிந்தது, யார் பொறுப்பு என்று கேட்க இரண்டு உயரிய நீதிமன்றங்கள் உட்கார வேண்டியிருந்தது என்பதுதான் அமைப்பின் நிலை.

மற்ற நகரங்களின் கதையும் இதையொட்டித்தான் போகிறது. 2025 ஜூன் 4ஆம் தேதி பெங்களூரு சின்னசாமி மைதான வாசலில் கிரிக்கெட் கோப்பைக் கொண்டாட்ட நெரிசலில் 11 பேர் இறந்தார்கள். மறுநாளே ஆணையர் பி.தயானந்தாவை கர்நாடக அரசு இடைநீக்கம் செய்தது. நிகழ்ச்சியை நடத்தியவர்கள் யார், விதான சவுதாவில் விழா வைத்தவர்கள் யார் என்ற கேள்வி எழும் முன்பே ஒரு தலை உருண்டாயிற்று. ஜூலையில் இடைநீக்கம் திரும்பப் பெறப்பட்டது. கொல்கத்தாவில் ஆர்.ஜி.கர் மருத்துவமனைப் படுகொலைக்குப் பிறகு இளம் மருத்துவர்கள் வாரக்கணக்கில் தெருவில் உட்கார்ந்த பின்னரே 2024 செப்டம்பரில் ஆணையர் வினீத் கோயல் மாற்றப்பட்டார். மும்பையில் 2021 மார்ச்சில் மாற்றப்பட்ட ஆணையர் பரம்வீர் சிங், மாற்றப்பட்ட மூன்றாம் நாள் மாநில உள்துறை அமைச்சர் மாதம் 100 கோடி ரூபாய் வசூலிக்கச் சொன்னதாக முதல்வருக்குக் கடிதம் எழுதினார். அந்தக் குற்றச்சாட்டின் உண்மையைவிட எனக்கு உறுத்துவது காலம்: நாற்காலியில் இருந்தவரை வராத கடிதம், எழுந்ததும் வந்தது. டெல்லியில் ஆணையர் மத்திய உள்துறையின் கீழ். டெல்லி முதல்வருக்கு அதில் பங்கே இல்லை. ஓய்வுபெற நான்கு நாள் இருக்கும்போது ராகேஷ் அஸ்தானா 2021 ஜூலையில் அங்கே ஓராண்டுக்கு ஆணையராக்கப்பட்டார். டெல்லி உயர் நீதிமன்றம் அது செல்லும் என்றது.

ஆக, இடமாற்றம் அரசுக்குக் கிடைத்த வசதியான கருவி. யாரையும் விசாரிக்க வேண்டாம், எதையும் நிரூபிக்க வேண்டாம், பத்திரிகையில் தலைப்பு மட்டும் கிடைத்துவிடும். தவறு செய்தவருக்கும் தவறு செய்யாதவருக்கும் ஒரே ஆணை. அதைவிட மோசம், நாளை மாற்றிவிடுவார்கள் என்று தெரிந்த ஆணையர் எதற்கு அஞ்சுவார்? சட்டத்துக்கு அஞ்சுவதை விட, கையெழுத்துப் போடுபவருக்குத்தான் அஞ்சுவார்.

அப்படியானால் மாற்ற முடியாதபடி பாதுகாத்துவிடலாமா? லாஸ் ஏஞ்சலஸ் அதைச் செய்து பார்த்தது. அங்கே காவல் தலைவருக்கு அரசுப் பணியாளருக்குரிய முழுப் பாதுகாப்பு இருந்தது. மேயர் டாம் பிராட்லி விரும்பியும் தலைவர் டேரில் கேட்ஸை அசைக்க முடியவில்லை. 1991இல் ராட்னி கிங் என்ற கறுப்பினத்தவரைப் போலீஸ்காரர்கள் அடித்துத் துவைத்த காட்சி வீடியோவில் வெளியானபோதும் கேட்ஸ் நகரவில்லை. 1992 ஏப்ரலில் அந்தப் போலீஸ்காரர்கள் விடுவிக்கப்பட்டதும் நகரம் எரிந்தது. காவல்துறையை ஆராய அமைந்த கிறிஸ்டோபர் ஆணையத்தின் பரிந்துரையை ஒட்டி, அந்த ஜூனில் நகர மக்கள் வாக்களித்துச் சட்டத்தை மாற்றினார்கள். ஐந்து ஆண்டுப் பதவிக்காலம்; மிஞ்சினால் இன்னும் ஒரு முறை. இரண்டாவது முறை கொடுப்பதா என்பதைப் பொதுமக்களைக் கொண்ட காவல் வாரியம் தீர்மானிக்கும். கேட்ஸுக்குப் பின் வந்த வில்லி வில்லியம்ஸுக்கும் அவருக்கு அடுத்த பெர்னார்ட் பார்க்ஸுக்கும் இரண்டாவது முறை மறுக்கப்பட்டது. அரசியல் அதிலும் கலந்திருந்தது. ஆனால் ஐந்தாண்டு வேலையைப் பார்த்து, வாரியம் கூடி, வெளிப்படையாகச் சொன்ன முடிவு அது.

நியூயார்க்கில் காவல் ஆணையர் மேயரின் ஆள். மேயர் வைத்தால் இருப்பார். லண்டனில் ஆணையரை உள்துறை அமைச்சரின் பரிந்துரையில் மன்னர் நியமிக்கிறார், மேயரின் கருத்தும் கேட்கப்படும். 2022 பிப்ரவரியில் மேயர் சாதிக் கானின் நம்பிக்கையை இழந்த ஆணையர் கிரெசிடா டிக் பதவி விலகினார். அவரை விலகச் செய்த விதம் முறைப்படி இல்லை என்று சர் தாமஸ் வின்சர் தம் விசாரணை அறிக்கையில் எழுதினார். விலகியதற்குக்கூட அங்கே ஒரு விசாரணை நடந்து அறிக்கை அச்சில் வந்தது. அந்த ஒரு வேறுபாடு போதும். சென்னை மேயருக்கு இந்த விஷயத்தில் எந்த அதிகாரமும் இல்லை. மாமன்றத்தில் ஆணையரைப் பற்றி ஒரு தீர்மானம் போட்டாலும் அது காகிதம்தான்.

எனவே என் பார்வையில் பதவிக்காலமும் காரணம் சொல்லும் கடமையும் ஒன்றாக வர வேண்டும். ஒன்று மட்டும் வந்தால் லாஸ் ஏஞ்சலஸின் பழைய கதை. இரண்டும் இல்லாவிட்டால் இன்றைய கதை. மூன்று ஆண்டுக்குள் ஆணையரை மாற்றினால் காரணத்தை அரசிதழில் வெளியிட வேண்டும். எத்தனை குண்டர் சட்ட ஆணைகள் போட்டார், எத்தனை ரத்தாயின, எத்தனை 41ஆவது பிரிவு உத்தரவுகள், காவலில் எத்தனை மரணங்கள் என்ற கணக்கை ஆண்டுதோறும் ஆணையரே கையெழுத்திட்டு வெளியிட வேண்டும். இதற்குப் புதிய சட்டம்கூடத் தேவையில்லை. ஓர் அரசாணை போதும். தடுப்புக் காவல் அதிகாரத்தை ஆணையரிடமிருந்து எடுத்து வேறொரு கைக்கு மாற்றச் சட்டத் திருத்தம் வேண்டும். அதற்கு எந்த ஆட்சியும் முன்வரும் என்று எனக்கு நம்பிக்கை இல்லை. ஆளும் கட்சிக்குப் பயன்படும் கருவியை எதிர்க்கட்சியாக இருக்கும்போது மட்டும் திட்டுவது நம் வழக்கம்.

புகார் கேட்கும் அமைப்பு ஒன்று மிச்சமிருக்கிறது. எஸ்.பி.யும் அதற்கு மேற்பட்ட நிலையிலும் உள்ள அதிகாரிகள் மீதான புகாரை ஓய்வுபெற்ற நீதிபதி தலைமையிலான ஆணையம் விசாரிக்க வேண்டும் என்று பிரகாஷ் சிங் தீர்ப்பு சொன்னது. 2022இல் நீதிபதி சி.டி.செல்வம் தலைமையில் அமைந்தது தமிழகத்தின் ஐந்தாவது காவல் ஆணையம். 1969இலிருந்து குழு போடுவதில் நாம் குறை வைத்ததில்லை. ஆனால் தீர்ப்புக்குப் பதிலாக 2013இல் தமிழக அரசு கொண்டுவந்த காவல் சீர்திருத்தச் சட்டத்தின்படி, மாநிலக் காவல் புகார் ஆணையத்தின் தலைவர் ஓய்வுபெற்ற நீதிபதி இல்லை. உள்துறைச் செயலாளர்தான் தலைவர், டி.ஜி.பி. உறுப்பினர். சென்னை மாநகர ஆணையரை நியமிக்கும் ஆணையிலும், மாற்றும் ஆணையிலும் கையெழுத்திடுவது அதே உள்துறைச் செயலாளர்.